வாத்தும் கோழிக்கண்ணும்

கெலெமென் எதெல்காவின் கலைவாழ்க்கை ஒரு வாத்து கடித்ததில் தொடங்கியது. மற்ற நடிகைகளின் வாழ்க்கை வரலாறுகளில் இந்த இடத்தில் மாமா பரிசளித்த புத்தகமோ, பக்கத்து வீட்டு ஜன்னல் வழியாகக் கசிந்த வயலின் இசையோ வரும். எதெல்காவுக்கு வாய்த்தது வாத்து. நடந்ததை மாற்றி எழுத நமக்கு உரிமை இல்லை.

அப்போது அவளுக்கு இருபத்திரண்டு வயது. திஸா நதிக்கரையில், திஸாமயோர் ஊர் நாடக அரங்கில் சூப்ரெட்டாக இருந்தாள். இசை நாடகம் என்றால் அதில் இரண்டு ஜோடிகள் உண்டு. முதல் ஜோடி உயரமாக இருக்கும், நிலாவைப் பார்த்துப் பாடும், பிரிந்து அழும். அவர்கள் அழுது முடிப்பதற்குள் ஜனங்கள் எழுந்து போய்விடக் கூடாதே என்று நடுநடுவே இரண்டாவது ஜோடி ஒன்று ஓடிவந்து குதித்து ஆடிவிட்டுப் போகும். அந்த இரண்டாவது ஜோடியின் பெண்தான் சூப்ரெட். முதல் ஜோடிக்கு இதயம், இரண்டாவது ஜோடிக்கு முழங்கால். கலையின் வேலைப் பிரிவினை அப்படி.

எதெல்காவின் வேஷம் வாத்து மேய்க்கும் ஜுஜி. அவளுடைய ஜோடி, குதிரைப்படை கேப்டனின் எடுபிடிச் சிப்பாய். அந்த வேஷத்தில் பெசெரெத்தி தொன்சி என்கிற ஒல்லியான, காதுகள் விரிந்த ஆட்டக்காரன். நாடகம் ஓஹோ என்று ஓடியதால் தலைநகரத்துப் படக்காரர்கள் வந்து அதைப் படமாக எடுத்தார்கள். தொன்சி குதிரையிலிருந்து விழ வேண்டும், எதெல்கா கையில் வாத்தோடு ஓடிவந்து, "ஐயோ, என் ராசா!" என்று அலற வேண்டும். தொன்சி விழுந்தான். எதெல்கா ஓடினாள். அந்த நேரம் பார்த்து வாத்து அவள் முழங்கைச் சதையைக் கவ்விப் பிடித்துத் திருகியது. வலியில் வசனம் பிறழ்ந்தது.

"ஐயோ, என் வாத்து!"

காதலன் சேற்றில் கிடக்கிறான். பெண்ணுக்கோ வாத்துக் கவலை. டைரக்டர் தொப்பியைத் தூக்கி எறிந்து சிரித்தார். அந்தக் காட்சி அப்படியே படத்தில் வந்தது. மூன்று மாதத்தில் நாட்டில் அந்த வசனத்தைச் சொல்லாத வாய் இல்லை. பஸ்ஸைத் தவறவிட்டவன் சொன்னான், "ஐயோ, என் வாத்து!" பால் பொங்கி வழிந்தால் சொன்னார்கள். கட்சித் தோழர்கள் கூட்டத்தில் மைக் கெட்டுப்போனபோது மேடையிலிருந்த பெரியவர் ஒருவர்கூடச் சொல்லிவிட்டு, அப்புறம் சுற்றுமுற்றும் பார்த்தாராம்.

புகழ் என்பது இதுதான் என்று எதெல்கா முதல் வருஷம் மகிழ்ந்தாள். இரண்டாம் வருஷம் முழங்கையைத் தடவிப் பார்த்துக்கொண்டாள். தழும்பு போகவில்லை.

ஊரில் ஒரு வழக்கம் உண்டு. வயதில் பெரிய பெண்மணியைப் பார்த்தால் ஆண்பிள்ளைகள் "கையை முத்தமிடுகிறேன்" என்று வணங்கி, நீங்கள், உங்கள் என்று பேச வேண்டும். சின்னப் பெண்களுக்கு "செர்வுஸ்" போதும். நீ, வா, போ. முதன்முதலாகத் தெருப் பையன் ஒருவன் "கையை முத்தமிடுறேன்" என்று சொல்லும் நாளில், எந்தப் பெண்ணும் வீட்டுக்குப் போய்க் கதவைத் தாழிட்டுக் கண்ணாடியில் முகத்தைப் பார்ப்பாள். அன்றைக்குச் சமையல் சரியாக இருக்காது.

எதெல்கா ஒருத்திதான் அந்த நாளுக்காகக் காத்திருந்தாள். முப்பது வயதில் காத்திருந்தாள். முப்பத்தைந்தில் ஏங்கினாள். நாற்பதைத் தாண்டியும் ஊரார் அவளுக்கு வயசாவதை ஒப்புக்கொள்ளவில்லை. வாத்துக்கார ஜுஜியை யாராவது நீங்க என்பார்களா? ஊருக்கு அவள் வெறும் எதுஷ்.

"செர்வுஸ், எதுஷ்! வாத்துக்கு டிக்கெட் வேணாமா?" என்பார் பஸ் கண்டக்டர். அவருக்கு அவளைவிடப் பதினைந்து வயது குறைவு.

"எதுஷ், உனக்கு எதுக்கு பன்னிக்கறி? வீட்டுல வாத்து கோச்சுக்காதா?" என்பார் கறிக்கடைக்காரர். சொல்லிவிட்டு வரிசையில் நிற்பவர்களைப் பார்ப்பார். வரிசை சிரிக்கும். எதெல்காவும் சிரிப்பாள். சிரிக்காவிட்டால் கறியில் எலும்பு கூடும்.

சாப்பாட்டிலும் அந்தப் பறவை குறுக்கே நின்றது. நவம்பரில் மார்ட்டோன் திருநாள் வந்தால் நாடே வாத்து சாப்பிடும். சாமி இல்லை என்கிற அரசாங்கம் புனிதர் மார்ட்டோனை ஏற்றுக்கொள்ளவில்லை, வாத்தை ஏற்றுக்கொண்டிருந்தது. அரங்கத்தின் கேன்டீனை நடத்திய யுட்சி அக்கா, எல்லாருக்கும் வறுத்த வாத்துத் தொடையும் சிவப்பு முட்டைக்கோஸும் வைத்துவிட்டு, எதெல்காவுக்கு மட்டும் மிளகாய்ப்பொடி போட்ட உருளைக்கிழங்கை நீட்டுவாள்.

"சொந்தக்காரங்கள சாப்பிடக் கூடாதுடி."

"அக்கா, ஒரே ஒரு துண்டு..."

"பாத்தீங்களா, பெத்த புள்ளையத் தின்னப் பாக்குறா!"

கேன்டீன் அதிரும். இந்த நகைச்சுவை வருஷத்துக்கு ஒருமுறைதான் வரும் என்பதால் எல்லாரும் அதைப் புதிதாகவே வைத்திருந்தார்கள்.

படங்களும் வந்தன. தலைநகரத்திலிருந்து டெலிபோன் அடிக்கும்: "சின்ன வேஷம்தான் எதுஷ், ஒரு நாள் வேலை. வாத்து நாங்களே கொண்டாந்துர்றோம்." ஒரு படத்தில் கல்யாண வீட்டில் வாத்தோடு குறுக்கே ஓடினாள். இன்னொன்றில், கொலையைப் பார்த்த சாட்சியாக வாத்தோடு கோர்ட்டில் நின்றாள். விண்வெளிக்குப் போகும் படம் ஒன்றிலும் கூப்பிட்டார்கள். அதில் எப்படி என்று அவள் கேட்கவில்லை. போனாள். அங்கேயும் இருந்தது.

இதற்கிடையே தொன்சியைக் கல்யாணம் செய்துகொண்டாள். மேடையில் தினமும் முத்தமிடுகிறவனை வீட்டில் வேறு பார்க்க வேண்டியிருந்தது பெரிய கஷ்டமாகப் போய், நாலு வருஷத்தில் விவாகரத்து ஆனது. ஆனால் கோர்ட் பிரித்தது கணவன் மனைவியைத்தான். இரண்டாவது ஜோடியைப் பிரிக்கும் அதிகாரம் எந்தக் கோர்ட்டுக்கும் இல்லை. தீர்ப்பு வந்த அன்றைக்கு மாலையே இருவரும் வாத்து நடனம் ஆடினார்கள். ஜனங்கள் இரும்புக் கைதட்டு தட்டினார்கள்.

இரும்புக் கைதட்டு என்பது சாதாரணக் கைதட்டு இல்லை. முதலில் மழைபோலச் சடசடவென்று விழும். பிறகு யாரும் சொல்லாமலே எல்லாக் கைகளும் ஒரே தாளத்துக்கு வந்துவிடும். டப், டப், டப் என்று கொல்லன் பட்டறைபோல. அது ஓயும்வரை மேடையைவிட்டுப் போகக் கூடாது; இசை நாடகத்தில் என்றால் நடனத்தை மறுபடி ஆட வேண்டும். மறுபடி ஆடினால் மறுபடி தட்டுவார்கள். ஊர் அன்பாகத்தான் தட்டியது. சிறைக்கதவு சாத்தும் சத்தமும் ஏறக்குறைய அதே தாளம்தான்; அது ஊருக்குத் தெரியாது. வருஷக்கணக்காக ஆடி ஆடி எதெல்காவின் வலது காலுக்கு அவளைக் கேட்காமலே இயங்கும் பழக்கம் வந்துவிட்டது. தாளம் கேட்டதும் பாதம் துள்ளத் தொடங்கிவிடும். கூடவே அந்தக் காலின் சுண்டுவிரலில் ஒரு கோழிக்கண்ணும் வளர்ந்தது. காலாணிக்கு எங்கள் பாஷையில் பெயர் அதுதான். வாழ்க்கையில் ஒரு பறவை போதாதா என்று எதெல்கா கேட்டுக்கொண்டாள்.

வருஷா வருஷம் ஒப்பந்தம் புதுப்பிக்கும்போது அரங்க நிர்வாகி தோழர் ஷில்வாஷியிடம் கேட்பாள்: "ஒரே ஒரு சோக வேஷம் குடுங்க. விதவை, பைத்தியக்காரி, விஷம் குடிக்கிறவ, எதுவானாலும் சரி. வாத்து இல்லாம ஒரு தடவை மேடையில நிக்கணும். அவ்வளவுதான்."

"எதுஷ் கண்ணு," என்பார் தோழர், "சோகத்துக்கு ஹெர்மினா இருக்கா. உழைக்கும் மக்கள் நாள் பூரா வேலை பாத்துட்டு வர்றாங்க. அவங்களுக்கு வாத்து வேணும்."

உழைக்கும் மக்களை எதிர்த்து யார் பேச முடியும்?

தொன்சியிடம் இதைச் சொல்லி ஒருநாள் ஆற்றாமைப்பட்டாள். "நாடகக்காரங்களுக்குள்ள எல்லாரும் நீதான், அது சரி. வெளியிலயாச்சும் ஒருத்தன் என்னை நீங்கன்னு சொல்லலாம்ல? நாப்பத்தாறு வயசாச்சு தொன்சி. பஸ்ஸுல ஒரு பய எந்திரிச்சு எடம் குடுக்க மாட்டேங்கறான். நீயாச்சும் ஒரு தடவை நீங்கன்னு சொல்லித் தொலையேன். எப்படி இருக்குன்னு கேட்டுப் பாக்கறேன்."

"யாரை? உன்னையா, வாத்தையா?" என்றான் தொன்சி. "வாத்துக்குன்னா சொல்றேன். அது நல்ல நடிகை."

ரோனாசெகி ஹெர்மினா அரங்கத்தின் சோக நாயகி. அவள் காப்பி கேட்டால்கூட யாரோ செத்துவிட்டது மாதிரி இருக்கும். அந்த வருஷம் தலைநகரத்திலிருந்து தொபாய் ஆகோஷ் என்ற இளம் டைரக்டர் வந்திருந்தான். திஸாவில் படகு ஓட்டுகிறவனின் விதவையைப் பற்றிய நாடகம். ஒரே மகன் ஆற்றோடு போய்விடுகிறான்; மூன்றாம் அங்கத்தில் அவனுடைய நனைந்த மேல்கோட்டு ஒன்றை மட்டும் கொண்டுவந்து கொடுக்கிறார்கள். ஹெர்மினாதான் விதவை. ஆகஸ்ட் முழுவதும் ஒத்திகை பார்த்தாள். கடைசி ஒத்திகைக்கு முன்னால், அரங்கத்து வழக்கப்படி எல்லாரும் அவளிடம் வந்து "கையும் காலும் முறியட்டும்" என்று வாழ்த்தினார்கள். இந்த வாழ்த்துக்கு நன்றி சொல்லக் கூடாது; சொன்னால் பலித்துவிடும். எதெல்காவும் வாழ்த்தினாள். வாழ்க்கையில் எத்தனையோ பேரை வாழ்த்தியிருக்கிறாள். மனதார வாழ்த்தியது அன்றைக்குத்தான்.

"நன்றிம்மா, எதுஷ்," என்றாள் ஹெர்மினா, ஞாபகமில்லாமல்.

படிக்கட்டில் இறங்கும்போது விழுந்தாள். கை தப்பியது. கால் முறிந்தது.

அரங்கத்தில் ஒருவரும் எதுவும் சொல்லவில்லை. ஆனால் அதன்பிறகு பல காலத்துக்கு எதெல்காவை வாழ்த்த விட்டதில்லை.

மறுநாள் காலை ஆகோஷ் எல்லா நடிகைகளையும் வரிசையாக நிற்கவைத்து, கோட்டைக் கையில் கொடுத்து நடக்கச் சொன்னான். எதெல்காவின் முறை வந்ததும் நிறுத்தினான்.

"இவங்கதான்."

"தோழரே," என்றார் ஷில்வாஷி, "இவ எதுஷ்."

"அதுக்கென்ன?"

"அந்தப் படம் நீ பாக்கலையா? வாத்து..."

"எந்தப் படம்?"

நாட்டில் அந்தப் படத்தைப் பார்க்காத ஒரே ஆள் கடைசியில் திஸாமயோருக்கு வந்து சேர்ந்துவிட்டான். அவன் பெற்றோர் சிறுவயதில் அவனைச் சினிமாவுக்கு அனுப்பாமல் கண்டிப்பாக வளர்த்திருந்தார்கள். ஒருவனுடைய கண்டிப்பான பெற்றோரால் இன்னொருத்திக்கு விடிவு வந்த சம்பவம் வரலாற்றில் இது ஒன்றுதான்.

அன்றுமுதல் எதெல்கா தூங்கவில்லை. அவளுக்கு எல்லாம் தெரிந்திருந்தது: இது ஒரே தடவை. ஜனங்கள் சிரித்துவிட்டால் ஹெர்மினாவின் கால் கூடும், விதவை வேஷம் அவளிடம் போகும், எதெல்கா சாகும்வரை வாத்தோடு நிற்பாள். அறுபது வயதில் ஜுஜி. எழுபதில் ஜுஜி. சவப்பெட்டிமேல் யாராவது ஒரு பொம்மை வாத்தை வைப்பார்கள், அன்பாகத்தான் வைப்பார்கள்.

முதல் காட்சி அன்று ஒப்பனை அறைக்குத் தொன்சி வந்தான். கையில் பூ இல்லை. முகத்தில் மலர்ச்சியும் இல்லை.

"நீ அழ ஆரம்பிச்சா நான் யாரோட ஆடறது?"

"வாழ்த்த வந்தியா, வம்பளக்க வந்தியா?"

"வாழ்த்த மாட்டேன். போன தடவை வாழ்த்து என்ன பண்ணுச்சுன்னு ஆஸ்பத்திரில போய்ப் பாரு." கதவு வரை போனவன் திரும்பினான். "எதுஷ், கால் துடிச்சா ஒண்ணு பண்ணு. குனிஞ்சு பாத்துராத. நீ பாத்தா அவங்களும் பாப்பாங்க."

முதல் இரண்டு அங்கங்களும் ஒருமாதிரி ஒப்பேறின. ஜனங்கள் சிரிக்கவில்லை. காத்திருந்தார்கள். கறுப்பு உடையில் எதுஷைப் பார்த்ததும், இது ஏதோ பெரிய வேடிக்கைக்கு முன்னோட்டம் என்று முடிவு செய்து, பொறுமையாக உட்கார்ந்திருந்தார்கள். பொறுமையான ஜனங்களைவிட மோசமான எதிரி நடிகைக்கு இல்லை.

மூன்றாம் அங்கம். ஆட்கள் கோட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, கதவைச் சாத்தப் போகிறார்கள். விதவை நிமிர்ந்து பார்க்க வேண்டும். எதெல்கா நிமிர்ந்தாள்.

"கதவச் சாத்தாதீங்க. அவன் வருவான்."

மேல்மாடத்திலிருந்து ஒரு குரல், ஆசையாக:

"யாரு எதுஷ், வாத்தா?"

அரங்கம் வெடித்தது. இத்தனை நேரம் அடக்கிவைத்த சிரிப்பு. பின்வரிசைக்காரர்கள் எழுந்து நின்று கதவைப் பார்த்தார்கள். வாத்து உள்ளே வரும் என்று சத்தியமாக நம்பினார்கள். சிரிப்போடு கைதட்டு சேர்ந்தது. மழைபோல விழுந்து, சிதறி, ஒன்றுசேர்ந்து, தாளத்துக்கு வந்தது. டப். டப். டப். இரும்பு.

கறுப்புப் பாவாடைக்குள் எதெல்காவின் வலது பாதம் துள்ளத் தொடங்கியது.

அவள் அதைக் கெஞ்சினாள். பாதம் கேட்கவில்லை. அதற்கு இருபது வருஷத்துக்கு மேலாக ஒரே எஜமான்தான், அந்தத் தாளம். அவன் இப்போது கூப்பிடுகிறான். இன்னும் இரண்டு தட்டுக்குள் முழங்கால் எழும்பும். அப்புறம் இடுப்பு. அப்புறம் ஜுஜி. பக்கவாட்டு மறைவில் மணல் வாளியோடு உட்கார்ந்திருக்கும் தீயணைப்பு ஊழியர் பெர்ட்சிகூடத் தாளம் போடுவது தெரிந்தது. போவதற்கு இடமில்லை. திறந்திருக்கும் கதவுக்கு அப்பால் இருப்பது வர்ணமடித்த அட்டை ஆறு.

எதெல்கா இடது காலைத் தூக்கி, விதவைகள் அணியும் கனத்த பூட்ஸின் குதிகாலால், தன்னுடைய வலது சுண்டுவிரலை ஓங்கி மிதித்தாள்.

கோழிக்கண்மேல் மிதி விழுந்த அனுபவம் உள்ளவர்களுக்கு விளக்கத் தேவையில்லை. இல்லாதவர்களுக்கு விளக்க முடியாது. உச்சந்தலையில் மின்னல் இறங்கியது. அலறல் தொண்டைக்கு வந்தது. இந்த முறை அவள் வாயைத் திறக்கவில்லை. முழு உடம்பும் கல்லாகி நின்றது. கண்கள் மட்டும் நிறைந்து வழிந்தன. மிதித்த காலை எடுக்கவில்லை. எடுத்தால் ஆடும்.

கைதட்டு அவளைத் தேடி வந்தது, கண்டுபிடிக்க முடியாமல் தடுமாறியது. தாளம் கலைந்தது. சிலர் நிறுத்தினார்கள். நிறுத்தியதைப் பார்த்து மற்றவர்கள் நிறுத்தினார்கள். கடைசியாக ஒரே ஒருவர் இரண்டு தட்டு தட்டிவிட்டுத் தன் கைகளையே பார்த்துக்கொண்டார். ஊரில் இதுவரை யாரும் கேட்டிராத ஒரு மௌனம் வந்து உட்கார்ந்தது. முன்வரிசையில், ரேஷன் அதிகாரியின் மனைவி முதலில் விசும்பினாள்.

"கதவச் சாத்தாதீங்க," என்றாள் எதெல்கா மறுபடியும், பல்லைக் கடித்துக்கொண்டு. "அவன் வருவான்."

யாரும் யார் என்று கேட்கவில்லை.

திரை விழுந்தது. எதெல்கா நொண்டிக்கொண்டே மறைவுக்கு வந்தாள். பெர்ட்சி எழுந்து நின்றார். தினமும் "செர்வுஸ் எதுஷ், வாத்து தூங்குதா?" என்று கேட்கும் பெர்ட்சி. தொப்பியைக் கழற்றி மார்போடு வைத்துக்கொண்டார்.

"கையை முத்தமிடுறேங்க, அம்மா," என்றார். "நீங்க... பத்திரமா வீட்டுக்குப் போங்க."

ஆகவே இந்த இடத்துக்குமேல் கெலெமென் எதெல்காவை "அவள்" என்று எழுதுவது ஊர் மரியாதைக்கு விரோதம். எதெல்கா அம்மையார் அன்றிரவு வீட்டுக்குப் போய்க் கண்ணாடியில் முகத்தைப் பார்த்தார். சந்தோஷமாகத்தான் பார்த்தார். காலை வெந்நீரில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்.

தலைநகரத்து விமர்சகர் ஒருவர், "ஆன்மாவின் அடியாழத்திலிருந்து ஊறிய கண்ணீர்" என்று எழுதினார். ஊற்று எங்கே இருக்கிறது என்பதை அம்மையார் சொல்லவில்லை. ஆகோஷிடம் மட்டும் சொல்ல வேண்டியதாயிற்று, காலாணி எடுக்கும் பெண்ணிடம் போக ஒரு காலை விடுப்பு கேட்டபோது.

ஆகோஷின் முகம் வெளுத்தது. "அத எடுக்கறதா? எதெல்கா, சீசன் முடியற வரைக்கும் அந்தக் கால யார்கிட்டயும் காட்டிராத. அது இல்லேன்னா நாடகமே இல்ல."

"தினமும் மிதிக்கச் சொல்றியா?"

"தினமும் வேணாம். திங்கக்கிழமை லீவுதானே."

அம்மையார் மிதித்தார். விதவை அழுதாள். படக்காரர்களின் டெலிபோன் மறுபடி அடித்தது, குரலைத் தாழ்த்தி: "ஒரு தாய் வேஷங்க. மகன் போர்ல செத்துர்றான்." இன்னொன்றில் சுரங்கத்தில் செத்தான். மூன்றாவதில் மோட்டார் சைக்கிளில். வாத்து கொண்டுவருவதாக யாரும் சொல்லவில்லை. அரங்கத்து ஒப்பந்தத்திலும் சூப்ரெட் என்பதை அடித்துவிட்டு, "சோகத் தாய்" என்று தோழர் ஷில்வாஷி தன் கையால் எழுதினார். "இனிமே சாகற வரைக்கும் இதுதாங்க உங்களுக்கு," என்று வாழ்த்தினார். தொன்சிக்கு இருபத்து மூன்று வயதுப் புது ஜோடி வந்தாள். அவளுக்கு வாத்தையும் கொடுத்தார்கள்.

ஊர் மாறிப்போயிற்று. பஸ்ஸில் அம்மையார் ஏறினால் மூன்று பேர் எழுந்தார்கள். கண்டக்டர் டிக்கெட்டைக் கிழிக்கும்போதுகூடச் சத்தம் வராமல் கிழித்தார். கறிக்கடையில் வரிசை விலகி வழிவிட்டது. கடைக்காரர் எலும்பே இல்லாத துண்டாகப் பார்த்துக் கட்டி, இரண்டு கையாலும் நீட்டினார்.

"மனசத் தேத்திக்கங்கம்மா."

"எதுக்கு?"

"எல்லாத்துக்கும்தான்," என்றார் அவர், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

அம்மையாருக்குப் பிள்ளையே இல்லை. ஆனால் ஊரில் பாதிப் பேர் நாடகத்தில் செத்த அந்தப் பையனுக்காக மெழுகுவத்தி ஏற்றினார்கள். வழியில் பார்த்தவர்கள் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள். ஒரு வீட்டுப் பிறந்தநாள் விருந்துக்குப் போனபோது, இவர் வாசலில் நுழைந்ததும் அக்கார்டியன்காரன் வாசிப்பதை நிறுத்தி எழுந்து நின்றான். அரை மணி நேரத்தில் விருந்து கலைந்தது. அதன்பிறகு யாரும் கூப்பிடவில்லை, மரியாதையின் காரணமாகத்தான்.

அப்போதுதான் மார்ட்டோன் திருநாள் வந்தது.

கேன்டீனில் கூட்டம். புது ஒயினும் கொழுப்பு உருகும் வாசனையும். அம்மையார் உள்ளே வந்ததும் சத்தம் அடங்கியது. இளம் நடிகன் ஒருவன் நாற்காலியை இழுத்துப் போட்டான். பழைய பழக்கத்தில் தொன்சி இருந்த மேஜையில் உட்கார்ந்தார். தொன்சியும் எழுந்து நின்று உட்கார்ந்தான். யுட்சி அக்கா தட்டைக் கொண்டுவந்து வைத்தாள். வறுத்த வாத்துத் தொடை. பொன்னிறத் தோல், பக்கத்தில் சிவப்பு முட்டைக்கோஸ். இத்தனை வருஷத்தில் முதல் தடவை.

அம்மையார் காத்திருந்தார். யுட்சி அக்கா இடுப்பில் கட்டிய சமையல் துணியில் கையைத் துடைத்துக்கொண்டு நின்றாள்.

"அக்கா," என்றார் அம்மையார், "சொந்தக்காரங்கள சாப்பிடலாமா?"

"அதெல்லாம் அந்தக் காலங்க," என்றாள் யுட்சி அக்கா, தரையைப் பார்த்தபடி. "ஏதோ அறியாமப் பேசிட்டோம். நீங்க சாப்பிடுங்கம்மா. உடம்பப் பாத்துக்கங்க."

அம்மையார் கேன்டீனைச் சுற்றிப் பார்த்தார். எல்லாரும் தங்கள் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மெல்லச் சொல்லிப் பார்த்தார்:

"ஐயோ, என் வாத்து!"

ஒருவரும் சிரிக்கவில்லை. இளம் நடிகன் மடித்த கைக்குட்டையை நீட்டினான். பக்கத்து மேஜையில், "பாவம், பழசெல்லாம் ஞாபகம் வருதுபோல," என்று யாரோ கிசுகிசுத்தார்கள்.

அம்மையார் தொன்சியின் பக்கம் குனிந்தார். "தொன்சி. ஒரு தடவை திட்டேன்."

"உங்களையா?" தொன்சி ஒயினை உறிஞ்சினான். "எப்படிங்க? தப்புங்க."

"விளையாடாத."

"விளையாடலீங்களே. நீங்கதானே கேட்டீங்க, ஒரு தடவை நீங்கன்னு சொல்லித் தொலையேன்னு. எடுத்துக்கங்க. நெறைய இருக்கு." முகம் அப்பாவியாக இருந்தது, காதுகள் மட்டும் லேசாகச் சிவந்திருந்தன. "அந்தப் புதுப் பொண்ணு தாளத்துக்கு முன்னாடி குதிக்கிறா. என் கால் என்ன ஆகுதுன்னு எனக்குத்தான் தெரியும். அதெல்லாம் உங்ககிட்ட சொல்லக் கூடாதுங்க. நீங்க மகனப் பறிகுடுத்தவங்க."

மாலை ஏழு மணிக்கு மகன் மறுபடி சாக வேண்டியிருந்தது. நாளைக்கும் சாவான். திங்கட்கிழமை மட்டும் உயிரோடு இருப்பான். அம்மையார் தட்டைப் பார்த்தார். மேஜைக்கு அடியில், தொன்சியின் மெல்லிய ஆட்ட ஷூ தெரிந்தது. அந்தக் காலின் எந்த விரலில் எது இருக்கிறது என்று அறிந்த ஒரே ஆள் உலகத்தில் இவர்தான். நாலு வருஷம் வெந்நீர் வைத்துக் கொடுத்திருக்கிறார்.

விதவையின் பூட்ஸ் மெல்ல எழுந்தது. இறங்கியது.

"அடி வாத்தே!" தொன்சி நாற்காலியோடு துள்ளினான். "என் கோழிக்கண்ண மிதிச்சிட்டியேடி, பாதகத்தி! கண்ணு தெரியல உனக்கு? கிழட்டு வாத்தே!"

கைக்குட்டைப் பையன் வெளிறிப்போனான். பிறகு அடுப்புப் பக்கமிருந்து புர்ரென்று ஒரு சத்தம். யுட்சி அக்கா வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். பொத்தியும் பயனில்லை. ஒருவர், இருவர், அப்புறம் மேஜை மேஜையாகப் பற்றிக்கொண்டது. யாரோ கரண்டியால் தட்டைத் தட்டினார்கள். இன்னொரு கரண்டி சேர்ந்தது. டப். டப். டப்.

எதெல்கா முள்கரண்டியைக் கீழே வைத்துவிட்டு, வாத்துத் தொடையைக் கையாலேயே எடுத்துக் கடித்தாள். கொஞ்சம் வேகாமல்தான் இருந்தது. மேஜைக்கடியில் அவளுடைய வலது கால் தானாகத் துள்ளத் தொடங்கியது. அதை மிதிக்க அவள் இடது காலைத் தேடவில்லை. அது இன்னும் தொன்சியின் காலின்மேல் இருந்தது.